கத்தரிக்கோலும் பாசமும்: இயக்குநர் ஏ. பீம்சிங்

மோர்னிங்சைட்டில் பனி கொட்டும் ஞாயிற்றுக்கிழமைகளில் எங்கள் வீட்டில் இன்றும் ‘பாசமலர்’ ஓடும். சிவாஜிக்காகவும் சாவித்திரிக்காகவும் அழுகிறோம். ஆனால் எந்தக் காட்சி எவ்வளவு நேரம் நிற்க வேண்டும் என்று கணக்குப் பார்த்த மனிதரை நாங்கள் அதிகம் நினைப்பதில்லை. அவர்தான் ஏ. பீம்சிங்.

1924இல் பிறந்த பீம்சிங், படத்தொகுப்பு அறையில்தான் தொழில் பழகினார். ‘பராசக்தி’யைத் தந்த கிருஷ்ணன்–பஞ்சு இரட்டையரிடம் உதவித் தொகுப்பாளராகச் சேர்ந்தார். அவர்களில் பஞ்சுவே ஒரு தொகுப்பாளர். அக்காலத்தில் கணினி இல்லை. பிலிம் சுருளைக் கையால் வெட்டிப் பசை பூசி ஒட்ட வேண்டும். ஒலிச்சுருளும் படச்சுருளும் ஒன்றோடொன்று பொருந்த வேண்டும். ஒரு செக்கனுக்கு 24 படங்கள். சில படங்கள் கூடினாலோ குறைந்தாலோ காட்சியின் உயிர் போய்விடும். கணக்கு எழுதிப் பிழைக்கும் எங்களுக்கு இந்த வேலையின் பொறுமை நன்றாகவே விளங்கும்.

1954இல் ‘அம்மையப்பன்’ மூலம் இயக்குநரானார். 1958இல் ‘பதிபக்தி’, 1959இல் ‘பாகப்பிரிவினை’, 1960இல் ‘படிக்காத மேதை’ என்று ‘ப’ வரிசை தொடங்கியது. கமல்ஹாசன் குழந்தை நட்சத்திரமாக அறிமுகமான ‘களத்தூர் கண்ணம்மா’வும் 1960இல் இவர் இயக்கத்தில்தான் வந்தது. 1961 என்ற ஒரே ஆண்டில் ‘பாவமன்னிப்பு’, ‘பாசமலர்’, ‘பாலும் பழமும்’ மூன்றும் வெளியாகின. இயக்குநரான பிறகும் அவர் கத்தரிக்கோலைக் கீழே வைக்கவில்லை. தன் படங்கள் பலவற்றின் தொகுப்பிலும் தானே கை வைத்தார்.

ஹிந்தியிலும் வெற்றி கண்டார். ‘பாசமலர்’ 1962இல் ‘ராக்கி’ ஆனது. ‘பாகப்பிரிவினை’ 1965இல் ‘கான்தான்’ ஆனது. கூட்டுக்குடும்பம் உடைவதும் மறுபடி சேர்வதும் மொழி பார்க்கவில்லை.

காலம் மாறியபோது அவரும் மாறினார். ஜெயகாந்தனின் ‘சில நேரங்களில் சில மனிதர்கள்’ நாவலை 1977இல் படமாகத் தந்தார். அதில் நடித்த லட்சுமிக்குத் தேசிய விருது கிடைத்தது. உரத்து அழ வைத்த இயக்குநர், இங்கே ஒரு பெண்ணின் மௌனத்தைக் காத்திருந்து காட்டினார். 1978 ஜனவரியில், 53 வயதில் காலமானார். மகன் பி. லெனின் அதே தொழிலில் தேசிய விருதுகள் பெற்ற தொகுப்பாளரானார்.

எங்கள் அகதிக் கோரிக்கை முடியாதிருந்த நாட்களில் ஊரில் அக்கா காலமானார். கடவுச்சீட்டு இல்லை, போக முடியவில்லை. செத்தவீட்டுக் கொப்பி பிறகு தபாலில் வந்தது. இரண்டு மணித்தியாலச் சடங்கை யாரோ வெட்டி நாற்பது நிமிடமாக்கியிருந்தார்கள். அக்காவின் முகம் வந்த இடம் மிகக் குறைவு. திரும்பத் திரும்ப ஓடவிட்டு அதைத்தான் பார்த்தோம்.

‘பாசமலர்’ முடிவில் அண்ணனும் தங்கையும் சேரும் இடத்தில் பீம்சிங் அவசரப்படவில்லை. பார்ப்பவர் அழுது முடிக்கும்வரை அந்தக் காட்சியை நிற்கவிட்டார். எதை வெட்டுவது என்று அறிந்தவருக்கு எதை வெட்டக்கூடாது என்பதும் தெரிந்திருந்தது. அந்த ஞாயிற்றுக்கிழமைகளில் நாங்கள் அழுவது சாவித்திரிக்காக மட்டுமல்ல.