ஷாமின் ஆளுநர்: அபூஉபைதா (ரலி) அவர்களும் மதீனாவின் கடிதங்களும்

மதீனாவிலிருந்து புறப்படும் ஒரு கடிதம் ஷாம் தேசத்துக்குப் போய்ச் சேர அந்தக் காலத்தில் பல நாட்கள் பிடிக்கும். பதில் திரும்பி வர இன்னும் அத்தனை நாட்கள். அதற்குள் எதிரி கோட்டை வாசலுக்கு வந்துவிடலாம். கொள்ளைநோய் ஒரு படை முகாமையே காலி செய்துவிடலாம். இவ்வளவு தொலைவில் இருந்த கலீஃபாவும் ஆளுநரும் ஆபத்துக் காலங்களில் எப்படிச் சேர்ந்து வேலை செய்தார்கள்? கல்லூரியில் வரலாறு படித்தபோது மத்திய, மாகாண அதிகாரப் பங்கீடு என்ற பாடத்தைப் பரீட்சைக்காக மனனம் செய்தோம். மத்ரஸாவில் ஏற்கெனவே ஓதியிருந்த அபூஉபைதா (ரலி) அவர்களின் சரிதையில் அதே விஷயம் இருப்பது வெகுநாள் கழித்துத்தான் நமக்கு உறைத்தது.

ஆமிர் இப்னு அப்துல்லாஹ் இப்னுல் ஜர்ராஹ் என்பது அவர்களுடைய முழுப்பெயர். குறைஷியரில் ஃபிஹ்ர் வழியினர். அபூபக்ர் (ரலி) அவர்கள் இஸ்லாத்தை ஏற்ற சில நாட்களுக்குள் தாமும் ஏற்ற முன்னோடிகளில் ஒருவர். சொர்க்கத்தின் நற்செய்தி பெற்ற பத்துப் பேரிலும் ஒருவர். உஹதுப் போரில் நபி (ஸல்) அவர்களின் கன்னத்தில் தலைக்கவசத்தின் இரண்டு வளையங்கள் புதைந்துபோனபோது, கையால் இழுத்தால் வலிக்கும் என்று பல்லால் கடித்து எடுத்தார்கள். அதில் தமது முன்பற்கள் இரண்டையும் இழந்தார்கள். நஜ்ரானிலிருந்து வந்த தூதுக்குழு நம்பிக்கைக்குரிய ஒருவரைத் தங்களோடு அனுப்பும்படி கேட்டபோது நபி (ஸல்) அவர்கள் தேர்ந்தெடுத்தது இவர்களைத்தான். இந்த உம்மத்தின் அமீன் என்ற சிறப்பும் அப்போது கிடைத்தது. இவையெல்லாம் நம் வீட்டுப் பிள்ளைகளும் அறிந்த செய்திகள்.

ஹிஜ்ரி 8இல் நடந்த இரண்டு சம்பவங்கள் அந்த அளவுக்குப் பேசப்படுவதில்லை. பின்னாளைய ஆளுநரை அவற்றிலேயே பார்த்துவிடலாம்.

முதலாவது தாதுஸ் ஸலாஸில். அம்ரிப்னுல் ஆஸ் (ரலி) அவர்கள் ஒரு படையோடு வடக்கே போயிருந்தார்கள். எதிரியின் எண்ணிக்கை அதிகம் என்று தெரிந்ததும் உதவி கேட்டு ஆள் அனுப்பினார்கள். நபி (ஸல்) அவர்கள் அபூஉபைதா (ரலி) அவர்களின் தலைமையில் 200 பேரை அனுப்பினார்கள். அந்த 200 பேரில் அபூபக்ரும் உமரும் (ரலி) இருந்தார்கள் என்றால் படையின் தரம் புரியும். போய்ச் சேர்ந்ததும் யார் அமீர் என்ற கேள்வி வந்தது. நீங்கள் எனக்கு உதவிக்கு வந்தவர்கள், ஆகவே தலைமை என்னுடையது என்று அம்ர் (ரலி) நின்றார்கள். அவர்கள் இஸ்லாத்துக்கு வந்து சில மாதங்களே ஆகியிருந்தன. ஆயினும் அபூஉபைதா (ரலி) வாதிடவில்லை. கருத்து வேற்றுமை கொள்ளாதீர்கள் என்று நபி (ஸல்) அவர்கள் சொல்லி அனுப்பியிருந்ததை நினைவுகூர்ந்து, அம்ருக்குக் கட்டுப்பட்டு, அவர் பின்னால் தொழுதார்கள்.

இரண்டாவது, கடற்கரைப் பக்கம் 300 பேரோடு போன பயணம். வழியில் உணவு தீர ஆரம்பித்தது. அமீரான அபூஉபைதா (ரலி) ஒவ்வொருவரிடமும் இருந்ததை எல்லாம் ஒரே இடத்தில் கொண்டுவரச் சொன்னார்கள். சேர்ந்தது சில பைகள் பேரீத்தம்பழம். அதை அளந்து அளந்து நாளுக்குக் கொஞ்சமாகக் கொடுத்து, கடைசியில் தலைக்கு ஒரே ஒரு பழம் என்ற நிலைக்கு வந்தது. மரத்தின் இலைகளை அடித்து உதிர்த்துத் தின்றார்கள். பிறகு கடல் ஒரு பிரம்மாண்டமான மீனைக் கரையில் ஒதுக்கியது. அதன் விலா எலும்புகளை நட்டு வைத்தால் அடியில் ஒட்டகம் நுழைந்து போகும் அளவு. அந்த மீனைத்தான் எல்லோரும் நினைவில் வைத்திருக்கிறோம். மீன் வரும்வரை 300 பேரை உயிரோடு வைத்திருந்தது அந்தப் பொதுப் பைதான்.

ஹிஜ்ரி 13இல் உமர் (ரலி) கலீஃபா ஆனதும் ஷாமின் படைத் தலைமையைக் காலித் இப்னுல் வலீத் (ரலி) அவர்களிடமிருந்து மாற்றி அபூஉபைதா (ரலி) அவர்களிடம் கொடுத்தார்கள். நியமனக் கடிதம் கைக்கு வந்தும், நடந்துகொண்டிருந்த போர் முடியும்வரை அதைக் காலிதிடம் சொல்லவில்லை. ரோமப் பேரரசர் ஹெராக்ளியஸ் பெரும்படை திரட்டியதால் ஹிம்ஸ் நகரைவிட்டுப் பின்வாங்க நேர்ந்தபோது, பாதுகாப்புத் தர முடியாத நிலையில் வரி வைத்திருக்க உரிமை இல்லை என்று வசூலித்த ஜிஸ்யாவை மக்களிடமே திருப்பிக் கொடுக்கச் செய்தார்கள். ஹிஜ்ரி 15இல் யர்மூக்கில் வெற்றி கிடைத்தது. ஷாம் முழுவதும் அவர்களின் பொறுப்பில் வந்தது. பின்பு கலீஃபா ஷாம் வந்து ஆளுநரின் வீட்டைப் பார்த்தபோது அங்கே இருந்தவை ஒரு வாள், ஒரு கேடயம், ஓர் ஒட்டகச் சேணம்.

ஹிஜ்ரி 17இல் முதல் பெரிய நெருக்கடி வந்தது. ரோமர்கள் ஜஸீரா பகுதி மக்களைத் துணை சேர்த்துக்கொண்டு ஹிம்ஸை நோக்கி வந்தார்கள். அபூஉபைதா (ரலி) படைத்தலைவர்களிடம் ஆலோசனை கேட்டார்கள். வெளியே போய்ப் போரிடலாம் என்பது காலித் (ரலி) அவர்களின் கருத்து. கோட்டைக்குள் இருந்துகொண்டு கலீஃபாவுக்கு எழுதலாம் என்பது மற்றவர்களின் கருத்து. அபூஉபைதா (ரலி) இரண்டாவதை எடுத்துக்கொண்டார்கள்.

கடிதம் மதீனா சேர்ந்தபோது கலீஃபா யோசித்துப் படை திரட்டவேண்டிய நிலையில் இல்லை. இத்தகைய நாளுக்காகவே ராணுவ நகரங்களில் அரசுச் செலவில் குதிரைகளைத் தயாராக வளர்த்து வைத்திருந்தார்கள். கூஃபாவில் மட்டும் 4,000. உடனே கூஃபாவின் ஆளுநர் ஸஅத் இப்னு அபீவக்காஸ் (ரலி) அவர்களுக்கு உத்தரவு போனது: கடிதம் கிடைத்த அன்றே கஃகாஃ இப்னு அம்ர் தலைமையில் 4,000 குதிரை வீரர்களை ஹிம்ஸுக்கு அனுப்பவேண்டும். கூடவே வேறு படைகளை ஜஸீராவுக்குள்ளேயே அனுப்பவேண்டும். உமர் (ரலி) அவர்களும் மதீனாவிலிருந்து கிளம்பி ஜாபியா நோக்கி வந்தார்கள்.

சொந்த ஊருக்கே படை வருகிறது என்று கேள்விப்பட்டதும் ஜஸீராக்காரர்கள் ரோமர்களை விட்டுவிட்டு வீடு திரும்பினார்கள். அபூஉபைதா (ரலி) வெளியே வந்து ரோமர்களைத் தோற்கடித்தார்கள். கூஃபா படை வந்து சேர்ந்தது மூன்று நாள் கழித்து. போரிடாமல் வந்தவர்களுக்குக் கனீமத்தில் பங்கு உண்டா என்று ஆளுநர் எழுதிக் கேட்டார்கள். உண்டு, அவர்கள் உங்களுக்காகப் புறப்பட்டு வந்தவர்கள், அவர்கள் வரும் செய்தியால்தான் எதிரி கலைந்தான் என்பது கலீஃபாவின் தீர்ப்பு. அடுத்த முறை ஆபத்து வந்தால் கூஃபா மறுபடியும் அன்றே கிளம்பவேண்டுமே!

அடுத்த ஆண்டு ஹிஜாஸில் மழை பெய்யவில்லை. மண் காய்ந்து காற்றில் சாம்பலாகப் பறந்ததால் ஆமுர் ரமாதா, சாம்பல் ஆண்டு, என்று அதற்குப் பெயர். சுற்றுப்புறக் கோத்திரங்கள் மதீனாவைச் சுற்றிக் கூடாரமடித்தன. இப்போது உதவி கேட்கும் முறை தலைநகருடையது. கலீஃபா தம் ஆளுநர்களுக்கு எழுதினார்கள். முதலில் வந்து நின்றது ஷாம்: 4,000 ஒட்டகங்களில் உணவுப் பொருட்களோடு அபூஉபைதா (ரலி) தாமே வந்தார்கள். மதீனாவைச் சுற்றியிருந்த மக்களுக்கு அதைப் பங்கிடும் பொறுப்பையும் கலீஃபா அவர்களிடமே கொடுத்தார்கள்.

வேலை முடிந்ததும் 4,000 திர்ஹம் கொடுக்கச் சொன்னார்கள் உமர் (ரலி). அபூஉபைதா (ரலி) மறுத்தார்கள். அல்லாஹ்வுக்காகச் செய்ததற்குக் கூலி வேண்டாம் என்றார்கள். இதேபோல் தாமும் ஒருமுறை மறுத்ததையும், நபி (ஸல்) அவர்கள் அதை ஏற்கவைத்ததையும் உமர் (ரலி) எடுத்துச் சொன்ன பிறகே வாங்கிக்கொண்டு ஷாம் திரும்பினார்கள். ஈராக்கிலிருந்தும் மற்ற இடங்களிலிருந்தும் உணவும் உடையும் வந்தன. அம்ர் (ரலி) எகிப்திலிருந்து அனுப்பிய நீண்ட ஒட்டக வரிசையைப் பற்றி நம் பயான்களில் விரிவாகச் சொல்வதுண்டு. ஆனால் எகிப்து வெற்றி கொள்ளப்பட்டது இதற்குப் பிறகுதான் என்பதால் அதை இங்கே நாம் சேர்க்கவில்லை. பின்னாளில் நைல் நதியையும் செங்கடலையும் இணைக்கும் பழைய கால்வாய் தூர்வாரப்பட்டு, எகிப்தின் தானியம் கப்பலில் ஹிஜாஸ் வந்தது உண்மை.

அந்தப் பஞ்ச காலத்தில் உமர் (ரலி) நெய்யும் பாலும் தொடவில்லை. எண்ணெயையே உண்டு அவர்களின் நிறம் கறுத்துப்போனது. பஞ்சப் பகுதிகளில் ஸகாத் வசூல் தள்ளிவைக்கப்பட்டது. பசியால் திருடியவரின் கையை வெட்டும் தண்டனை நிறுத்திவைக்கப்பட்டது.

அதே ஹிஜ்ரி 18இல், பலஸ்தீனின் அம்வாஸ் என்ற ஊரில் தொடங்கிய கொள்ளைநோய் ஷாமில் பரவியது. (இந்த நிகழ்ச்சிகளின் வரிசையில் சரித்திர ஆசிரியர்களிடையே ஓராண்டு முன்பின் உண்டு.) கலீஃபா ஷாமை நோக்கி வந்துகொண்டிருந்தபோது ஸர்ஃக் என்ற இடத்தில் அபூஉபைதா (ரலி) அவர்களும் பிற தலைவர்களும் எதிர்கொண்டு செய்தி சொன்னார்கள். உமர் (ரலி) முதலில் முஹாஜிர்களை அழைத்துக் கேட்டார்கள். அவர்களிடம் இரு கருத்து. அன்ஸார்களைக் கேட்டார்கள், அவர்களிடமும் அப்படியே. மக்கா வெற்றியின்போது ஹிஜ்ரத் வந்த குறைஷி முதியவர்களைக் கேட்டபோது, மக்களைக் கொள்ளைநோய்க்குள் கொண்டுபோக வேண்டாம் என்று ஒரே குரலில் சொன்னார்கள். காலையில் திரும்பிவிடுவதாகக் கலீஃபா அறிவித்தார்கள்.

அபூஉபைதா (ரலி) அவர்களுக்கு இது பிடிக்கவில்லை. அல்லாஹ்வின் விதியைவிட்டு ஓடுவதா என்று எல்லோர் முன்னிலையிலும் கேட்டார்கள். இதை வேறு யாராவது கேட்டிருக்கக் கூடாதா என்று உமர் (ரலி) வருந்தினார்கள். அவருக்கு மாறாகப் பேசுவதை உமர் (ரலி) விரும்புவதில்லை. ஆயினும் பதில் சொன்னார்கள்: ஒரு விதியிலிருந்து இன்னொரு விதிக்குத்தான் போகிறோம், ஒரு பள்ளத்தாக்கின் ஒரு பக்கம் செழிப்பும் மறுபக்கம் வறட்சியும் இருந்தால் எதில் ஒட்டகத்தை மேய்த்தாலும் அது விதிப்படிதான். பிறகு அப்துர் ரஹ்மான் இப்னு அவ்ஃப் (ரலி) வந்து, நபி (ஸல்) அவர்களிடம் தாம் கேட்டிருந்த ஹதீஸைச் சொன்னார்கள். ஓர் ஊரில் கொள்ளைநோய் என்று கேள்விப்பட்டால் அங்கே போகக் கூடாது; இருக்கும் ஊரில் வந்துவிட்டால் அதற்குப் பயந்து வெளியேறவும் கூடாது.

கொரோனா நாட்களில் இந்த ஹதீஸை எத்தனை முறை பகிர்ந்திருப்போம்! அன்று ஸர்ஃகில் அதன் இரண்டு பகுதிகளும் இரண்டு மனிதர்களைப் பிரித்தன. முதல் பகுதியின்படி உமர் (ரலி) மதீனா திரும்பினார்கள். இரண்டாம் பகுதியின்படி அபூஉபைதா (ரலி) தம் படையிடம் திரும்பினார்கள்.

மதீனா போன பிறகும் கலீஃபாவுக்கு மனம் கேட்கவில்லை. ஒரு கடிதம் எழுதினார்கள். நேரில் பேசவேண்டிய அவசர வேலை ஒன்று இருக்கிறது. இரவில் இந்தக் கடிதம் கிடைத்தால் விடியும்வரை காத்திருக்க வேண்டாம், பகலில் கிடைத்தால் மாலைவரை காத்திருக்க வேண்டாம், உடனே புறப்படுங்கள். தேவை ஒன்றுக்காக வெளியே போவது நோய்க்குப் பயந்து ஓடுவதில் சேராது என்று உலமாக்கள் விளக்கியிருக்கிறார்கள். ஆகவே கலீஃபா ஹதீஸுக்கு மாற்றமாக எதுவும் கேட்டுவிடவில்லை.

படித்ததுமே அபூஉபைதா (ரலி) விஷயத்தைப் புரிந்துகொண்டார்கள். தம்மைக் காப்பாற்றத்தான் இந்த அழைப்பு. உங்கள் தேவை எனக்குத் தெரிந்துவிட்டது, நான் முஸ்லிம்களின் படையில் இருக்கிறேன், அவர்களை விட்டுவிட்டு என்னை மட்டும் காத்துக்கொள்ள விருப்பமில்லை, அந்த உத்தரவிலிருந்து என்னை விடுவியுங்கள் என்ற கருத்தில் பதில் எழுதினார்கள். தாதுஸ் ஸலாஸிலில் தலைமையையே விட்டுக்கொடுத்தவர், மறுப்பையும் அனுமதி கேட்டே எழுதினார்.

பதிலைப் படித்து உமர் (ரலி) அழுதார்கள். அபூஉபைதா இறந்துவிட்டாரா என்று சுற்றியிருந்தவர்கள் கேட்டார்கள். இல்லை, ஆனால் இறந்தது போலத்தான் என்றார்கள்.

திரும்ப அழைக்கவில்லை. மறு கடிதத்தில், படை தங்கியிருப்பது தாழ்வான, ஈரம் தங்கும் நிலம். மக்களை மேடான, காற்று நல்ல இடத்துக்குக் கொண்டுபோங்கள் என்று எழுதினார்கள். இது படை முழுவதற்குமான உத்தரவு. அபூஉபைதா (ரலி) உடனே ஏற்று, அபூமூஸா அல்அஷ்அரீ (ரலி) அவர்களை இடம் பார்க்கச் சொன்னார்கள். அதற்குள் அபூமூஸாவின் வீட்டிலேயே நோய் வந்துவிட்டது. அபூஉபைதா (ரலி) தாமே கிளம்ப ஒட்டகத்தில் ஏறும்போது அவர்களையும் நோய் பிடித்தது. 58ஆம் வயதில் வஃபாத்தானார்கள். அவர்களின் அடக்கவிடம் இன்று ஜோர்டான் பள்ளத்தாக்கில், தைர் அல்லா அருகே இருக்கிறது.

பொறுப்பேற்ற முஆத் இப்னு ஜபல் (ரலி) அவர்களும் தம் மகனைத் தொடர்ந்து அதே நோயில் போய்ச் சேர்ந்தார்கள். அடுத்து வந்த அம்ரிப்னுல் ஆஸ் (ரலி) மக்களை மலைகளுக்குப் பிரிந்து போகச் சொன்னார்கள். அதைச் சிலர் கடுமையாக ஆட்சேபித்தார்கள். செய்தி மதீனாவுக்குப் போனபோது கலீஃபா அதை வெறுக்கவில்லை. நோய் அடங்கியது. இறந்தவர்கள் 25,000 பேர் என்று சரித்திர நூல்கள் சொல்கின்றன. பிறகு உமர் (ரலி) தாமே ஷாம் வந்து, குடும்பம் குடும்பமாக அழிந்துபோனவர்களின் வாரிசுச் சொத்துகளைப் பங்கிட்டு, காலியான பதவிகளுக்கு ஆட்களை நியமித்தார்கள்.

ஹிஜ்ரி 23இல் உமர் (ரலி) குத்தப்பட்டு மரணப் படுக்கையில் இருந்தபோது, அடுத்த கலீஃபாவை நியமிக்கும்படி மக்கள் வேண்டினார்கள். அபூஉபைதா உயிரோடு இருந்திருந்தால் அவரையே நியமித்திருப்பேன் என்ற கருத்தில் சொல்லிவிட்டு, ஆறு பேரிடம் அந்தப் பொறுப்பை விட்டார்கள்.