வெறுங்கால் சலீம்

நம்ம கிரவுண்டில் முக்கால்வாசிப் பேர் வெறுங்காலில்தான் பந்து உதைக்கிறோம். ஷூ இல்லையே என்று நானும் வருத்தப்பட்டிருக்கிறேன். அதனால்தான் முகமது சலீமைப் பற்றி எழுத ஆசை வந்தது.

இவர் கல்கத்தாக்காரர். முகமதன் ஸ்போர்ட்டிங் அணியில் வலது ஓரத்தில் ஆடும் ஃபார்வர்டு. அந்த அணி 1934 முதல் 1938 வரை கல்கத்தா லீக்கை வரிசையாக 5 தடவை ஜெயித்தது. சலீம் ஷூ போடாமல்தான் ஆடுவார்.

1936-ல் உறவினர் ஒருவரோடு கப்பலேறி ஸ்காட்லாந்து போனார். அங்கே செல்டிக் என்ற பெரிய கிளப். வெறுங்காலோடு வந்து சான்ஸ் கேட்டால் யார் கொடுப்பார்கள்? மேனேஜர் வில்லி மேலி முதலில் நம்பவில்லையாம். ஆடிக் காட்டினதும் சேர்த்துக்கொண்டார். ஜிம்மி மெக்மெனமி என்ற பயிற்சியாளர் சலீமின் காலில் துணிக்கட்டு சுற்றிவிடுகிற போட்டோகூட இருக்கிறது. அந்தக் கட்டோடு ரிசர்வ் டீமில், ஹாமில்டன், கால்ஸ்டன் அணிகளை எதிர்த்து 2 மேட்ச் ஆடினார். இரண்டிலும் செல்டிக்தான் ஜெயித்தது!

இருக்கச் சொல்லியும் வீட்டு ஞாபகம் தாங்காமல் திரும்பிவிட்டார். படித்ததும் எனக்குக் கோபம் வந்தது. ஆனால் மலையிறங்கி சேலத்தில் அத்தை வீட்டில் 4 நாள் இருந்தாலே எனக்கு அழுகை வந்துவிடும்.

சலீம் 1980-ல் காலமானார். அவர் உடம்பு முடியாமல் இருந்தபோது மகன் செல்டிக்குக்கு லெட்டர் போட்டார். பணத்துக்காக இல்லை, அப்பாவை ஞாபகம் வைத்திருக்கிறார்களா என்று தெரிந்துகொள்ளத்தான். 100 பவுண்டுக்கு டிராஃப்ட் வந்தது. அதை மாற்றாமல் அப்படியே பத்திரமாக வைத்துக்கொண்டார்.