அடிமைக் கப்பலில் வந்தவரை படம் பிடித்த பெண்... யார் இந்த ஜோரா நீல் ஹர்ஸ்டன்?

1928ல் எடுத்த கறுப்பு வெள்ளை படம் அது. சத்தம் கிடையாது. வீட்டு முன்னால் ஒரு முதியவர் தெரிகிறார். பெயர் கஜோ லூயிஸ். ஆப்பிரிக்காவிலிருந்து அமெரிக்காவுக்கு அடிமையாகக் கப்பலில் கொண்டுவரப்பட்டவர். அப்படி ஒருவரை அசையும் படத்தில் பார்ப்பது ரொம்பவே அபூர்வம். கேமராவுக்குப் பின்னால் இருந்தவர் ஜோரா நீல் ஹர்ஸ்டன்.

1891ல் அலபாமாவில் பிறந்தவர் ஜோரா. சின்ன வயதிலேயே அம்மா இறந்துவிட, படிப்பு நின்றுபோனது. 26 வயதில் இலவசப் பள்ளியில் சேர்வதற்காக, தான் பிறந்தது 1901 என்று 10 வருடத்தைக் குறைத்துச் சொன்னார். வேற வழி? பிறகு நியூயார்க்கின் பர்னார்ட் கல்லூரியில் மானுடவியல் படித்தார். அங்கே பட்டம் வாங்கிய முதல் கறுப்பினப் பெண் இவர்தான்.

1927 டிசம்பரில் சார்லட் மேசன் என்ற பணக்கார வெள்ளைக்காரப் பெண்மணி ஜோராவுடன் ஒப்பந்தம் போட்டார். மாதம் 200 டாலர், ஒரு ஃபோர்டு கார், ஒரு மூவி கேமரா. ஆனா, சேகரிக்கிற கதை, பாட்டு எல்லாமே மேசனுக்குத்தான் சொந்தம்! அந்தக் கேமராவோடு தென் மாநிலங்களைச் சுற்றினார். குழந்தைகளின் விளையாட்டு, ஞானஸ்நானம், மரம் வெட்டும் தொழிலாளிகள் எனப் பலதையும் படம் பிடித்தார்.

கஜோவின் சொந்தப் பெயர் கொசோலா. இன்றைய பெனின் நாட்டுக்காரர். 1860ல் க்ளோடில்டா கப்பல் இவரையும் 100க்கும் மேற்பட்டவர்களையும் அலபாமாவில் இறக்கியது. அடிமைகளை இறக்குமதி செய்ய 1808லேயே தடை வந்துவிட்டது. அதனால் தடயத்தை அழிக்கக் கப்பலையே கொளுத்திவிட்டார்கள்.

ஜோரா மேல் ஒரு கறையும் உண்டு. கஜோவை முதலில் சந்தித்துவிட்டு 1927ல் எழுதிய கட்டுரையில் பெரும்பகுதி வேறொரு புத்தகத்திலிருந்து எடுத்தது. இது அவர் இறந்த பிறகுதான் தெரியவந்தது. அடுத்த முறை போனபோதுதான் பொறுமையாக உட்கார்ந்து கேட்டிருக்கிறார். பீச் பழம் கொண்டுபோய்க் கொடுத்தார். பேச மனசில்லாத நாளில், சர்ச்சைப் பெருக்கும் வேலையில் கூடமாட உதவினார். அந்தப் புத்தகம்தான் 'பாரக்கூன்'. கஜோ பேசிய கொச்சை ஆங்கிலத்தை மாற்றச் சொன்னது பதிப்பகம். ஜோரா மறுத்துவிட்டார். புத்தகம் வெளிவந்தது 2018ல்!

நாவல்கள் எழுதிப் பெயர் வாங்கிய ஜோரா, 1950ல் மயாமியில் வீட்டு வேலை பார்த்தார். 1960 ஜனவரி 28ல் ஆதரவற்றோர் இல்லத்தில் இறந்தார். அடக்கத்துக்குக் காசு வசூலித்தார்கள். கல்லறைக்குக் கல் இல்லை. அவருடைய காகிதங்களைத் தீயில் போட்டபோது, அந்தப் பக்கம் வந்த ஒரு போலீஸ் அதிகாரி தண்ணீர் ஊற்றி அணைத்தார். மிஞ்சியது அதுதான்.

1973ல் எழுத்தாளர் ஆலிஸ் வாக்கர் ஃப்ளோரிடாவின் ஃபோர்ட் பியர்ஸில் புதர் மண்டிய அந்த இடத்தைத் தேடிப் போய்க் கல் நட்டார். அதில் பிறந்த வருடம் 1901 என்று இருக்கிறது.