எல்லாம் கனவு என்றவர் ஒரு மலையை மட்டும் ஏன் விடவில்லை? ரமண மகரிஷியின் கதை

பௌர்ணமி நெருங்கினால் போதும், திருவண்ணாமலைக்கு எத்தனை சிறப்பு பஸ் என்ற செய்தி வந்துவிடும். 14 கிலோமீட்டர் கிரிவலப் பாதையில் நடப்பவர்கள் செங்கம் சாலையில் ரமணாசிரமத்தைத் தாண்டித்தான் போகணும். அங்கே படத்தில் கோவணத்தோடு உட்கார்ந்திருக்கும் மனிதரிடம் ஒரு விநோதம் உண்டு. விழித்திருக்கும்போது நாம் பார்க்கும் உலகமும் கனவு மாதிரிதான் என்று சொன்னவர் அவர். அதே ஆள், 1896-ல் இந்த மலையடிவாரத்துக்கு வந்தவர், 1950-ல் கண்மூடும் வரை வேறு எந்த ஊருக்கும் போகவே இல்லை. எல்லாமே கனவு என்றால், ஒரு மலை மட்டும் எப்படி நிஜமாச்சு?

தூங்குமூஞ்சிப் பையன்

இயற்பெயர் வெங்கடராமன். 1879 டிசம்பர் 30 அன்று திருச்சுழியில் பிறந்தார். அப்பா சுந்தரமய்யர் உள்ளூர் வக்கீல். 1892-ல் அவர் இறந்துபோக, பையன் மதுரையில் சித்தப்பா வீட்டுக்கு வந்தான். அமெரிக்கன் மிஷன் பள்ளியில் படித்தான். படிப்பில் சுமார், விளையாட்டில் கில்லாடி. தூக்கம்தான் அவனுடைய விசேஷம். பகலில் அவனோடு மோதப் பயந்த பசங்க, ராத்திரி தூங்கும்போது தூக்கிக்கொண்டுபோய் மொத்திவிட்டுத் திரும்பப் படுக்க வைப்பார்களாம். காலையில் யாராவது சொன்னால்தான் அவனுக்கே தெரியும்.

1895 நவம்பரில் ஊரிலிருந்து உறவுக்காரர் ஒருவர் வந்தார். எங்கிருந்து வருகிறீர்கள் என்று சாதாரணமாகக் கேட்டதற்கு, அருணாசலத்திலிருந்து என்றார். அந்தப் பெயர் ரொம்ப நாளாகவே மனசுக்குள் இருந்தது. ஆனால் ரயில் ஏறிப் போய்ப் பார்க்கக்கூடிய ஓர் ஊர் அது என்று அவனுக்குத் தெரியாது. திருவண்ணாமலைதான் அது என்று பெரியவர் விளக்கினார்.

1896 ஜூலையில், உடம்பில் எந்தக் கோளாறும் இல்லாதபோதே திடீரென்று மரண பயம் பிடித்தது. டாக்டரைத் தேடி ஓடாமல், பிணம் மாதிரி விறைத்துப் படுத்து, சாவது எது என்று தனக்குள்ளேயே பார்த்தான். அதற்குப் பிறகு படிப்பு, நண்பர்கள், சாப்பாடு எதிலும் ஒட்டுதல் இல்லை.

மூன்று ரூபாய்ப் பயணம்

ஆகஸ்ட் 29. வீட்டுப்பாடம் செய்யாததற்குத் தண்டனையாக ஆங்கில இலக்கணத்தை மூன்று தடவை எழுதணும். இரண்டு தடவை எழுதியவன் நோட்டை மூடிவிட்டுக் கண்ணை மூடி உட்கார்ந்தான். இப்படி இருக்கிறவனுக்குப் படிப்பு எதுக்கு என்று அண்ணன் கடிந்துகொண்டார். சரியாகத்தானே சொல்கிறார் என்று தோன்றிவிட்டது. ஸ்பெஷல் கிளாஸ் இருக்கிறது என்று கிளம்பியவனிடம், போகிற வழியில் காலேஜ் ஃபீஸ் கட்டிவிடு என்று அண்ணன் ஐந்து ரூபாய் எடுத்துக்கொள்ளச் சொன்னார். மூன்றை மட்டும் எடுத்துக்கொண்டு, மீதி இரண்டை ஒரு கடிதத்தோடு வைத்துவிட்டுப் போனான். கடிதத்தின் கீழே கையெழுத்து இல்லை, ஒரு கோடுதான்.

கையிலிருந்தது பழைய வரைபடம். அதில் திருவண்ணாமலைக்கு ரயில் பாதையே இல்லை. திண்டிவனத்துக்கு 2 ரூபாய் 13 அணா கொடுத்து டிக்கெட் எடுத்தான். விழுப்புரத்தில் மாறணும் என்று வண்டியில் ஒரு மௌல்வி சொல்லித்தான் தெரிந்தது. மீதிக் காசு மாம்பழப்பட்டு வரைக்கும்தான் வந்தது. அங்கிருந்து நடை. கீழூரில் ஒரு வீட்டில் சாப்பாடு கிடைத்தது. காதுக் கடுக்கனை அங்கே நாலு ரூபாய்க்கு அடகு வைத்தான். மீட்கும் எண்ணமே இல்லாததால் விலாசச் சீட்டைக் கிழித்துப் போட்டுவிட்டான். செப்டம்பர் 1 காலையில் அருணாசலேஸ்வரர் கோயிலுக்குள் நுழைந்தபோது வயது 16. மிச்சமிருந்த காசு அய்யங்குளத்துக்குள் போனது.

இந்தக் கதையை ஆன்மிகச் சாகசமாகச் சொல்லிவிட்டுப் போவது சுலபம். கணவரை இழந்து நாலு வருஷத்தில் மகனையும் காணாமல் தவித்த அழகம்மாளின் பக்கத்திலிருந்தும் பார்க்கணும். 1898-ல் தேடிக் கண்டுபிடித்து வந்து, பவழக்குன்றில் நாள்கணக்கில் அழுதார். மகன் வாய் திறக்கவில்லை. நடக்கவேண்டியது நடந்தே தீரும், நடக்காதது நடக்காது என்ற பொருளில் ஒரு துண்டுச்சீட்டு எழுதிக் கொடுத்தார், அவ்வளவுதான். அம்மா வெறுங்கையோடு ஊர் திரும்பினார். பல வருஷம் கழித்து 1916-ல் மகனோடு தங்கவே வந்துவிட்டார். 1922-ல் அவர் இறந்தபோது கடைசி நிமிஷம் வரை மகன் பக்கத்திலேயே இருந்தார். அந்தச் சமாதியைச் சுற்றி வளர்ந்ததுதான் இன்றைய ஆசிரமம்.

கனவுக்கும் விழிப்புக்கும் என்ன வித்தியாசம்?

1901-02-ல் வருவாய்த் துறை ஊழியரான சிவப்பிரகாசம் பிள்ளை கேள்விகளோடு மலை ஏறினார். ரமணர் அப்போது பேசுவதில்லை, பதில்களை எழுதிக் காட்டினார். பிற்பாடு 'நான் யார்?' என்ற சிறு நூலாக அது வந்தது. விழிப்பு நீளமானது, கனவு சட்டென்று முடிவது, அதைத் தவிர இரண்டுக்கும் பேதம் இல்லை என்பது அதில் அவர் சொல்லும் விஷயம். கனவில் பசி வந்தால் கனவுச் சோறுதான் பசியாற்றும். அந்த நேரத்துக்கு அது நிஜம். விழிப்பும் அப்படித்தான் என்பது அவர் கட்சி. கனவு யாருக்கு வருகிறதோ அந்த ஆளைத் தேடு என்பார். மதம் மாறச் சொல்லவில்லை, தீட்சை கொடுக்கவில்லை, வாரிசு குருவையும் நியமிக்கவில்லை.

மலை விஷயத்தில் மட்டும் வேறு ஆளாக இருந்தார். அதன் மீது 108 கண்ணிகளில் அட்சரமணமாலை பாடினார். அருணாசலத்தின் வடசரிவில் சித்தர் ஒருவர் ஆலமரத்தடியில் இருப்பதாகப் புராணம் சொல்லும். ஒருநாள் ஓடையில் பெரிய ஆலிலை ஒன்றைப் பார்த்துவிட்டு மரத்தைத் தேடிப் போனார். புதரில் இருந்த குளவிக்கூட்டில் தொடை பட்டுவிட்டது. கூட்டைக் கலைத்த காலுக்கு இது நியாயம்தான் என்று, குளவிகள் கொட்டி முடிக்கும் வரை அசையாமல் நின்றார். பிறகு அந்த மரத்தை அவரும் தேடவில்லை, மற்றவர்களையும் தேட விடவில்லை.

மலை யாருக்குச் சொந்தம் என்று கோயில் தேவஸ்தானத்துக்கும் அரசுக்கும் 1930-களில் வழக்கு நடந்தது. ரமணரிடமும் சாட்சியம் கேட்டார்கள். இந்த மலையே சிவலிங்கம் என்று சொன்னார். உலகத்தையே கனவு என்றவர் தந்த வாக்குமூலம் இது. முரண்பாடாகத் தெரிகிறது. அவர் கணக்கு வேறு. தூங்குகிறவனை எழுப்பக் கனவுக்குள் வரும் சிங்கம் பொய்தான், ஆனால் அதைப் பார்த்து விழிக்கிற விழிப்பு பொய் இல்லை. குருவுக்கு இந்த உவமையைச் சொல்வது வழக்கம். அவருக்கு மனித குரு கிடையாது, மலைதான் குரு.

ஆசிரமச் சொத்து மீதும் வழக்கு வந்தது. துறவிக்குச் சொத்து எப்படி என்று கேட்டார்கள். நான்கு ஆசிரமங்களுக்கும் அப்பாற்பட்டவன், அதியாசிரமி என்று பதில் சொன்னார். 1938-ல் நிர்வாகத்தைத் தம்பி வழிக்கு விட்டு உயில் பதிவானது. அய்யங்குளத்தில் காசை வீசியவருக்கு உயிலா என்று நெருடத்தான் செய்யும்.

1949 பிப்ரவரியில் இடது கையில் ஒரு கட்டிக்கு அறுவை சிகிச்சை நடந்தது. புற்றுநோய். நாலு முறை அறுத்தும் திரும்பத் திரும்ப வந்தது. கையை எடுத்துவிடலாம் என்று டாக்டர்கள் சொன்னதற்கு ஒத்துக்கொள்ளவில்லை. எங்களை விட்டுப் போகாதீர்கள் என்று அழுதவர்களிடம், எங்கே போக முடியும், இங்கேதான் இருக்கிறேன் என்ற மாதிரி சொன்னார்.

1950 ஏப்ரல் 14 மாலை, வெளியே பக்தர்கள் அட்சரமணமாலையைப் பாட ஆரம்பித்தார்கள். உள்ளே படுத்திருந்தவரின் கண்ணோரம் நீர் வழிந்தது. இரவு 8:47-க்கு மூச்சு நின்றது. அப்போது ஆசிரமத்தில் இருந்த பிரெஞ்சுப் புகைப்படக்காரர் ஆன்ரி கார்த்தியே பிரெசோன், வானத்தில் ஒளி ஒன்று மலைப்பக்கமாக நகர்வதைப் பார்த்துக் கடிகாரத்தில் நேரம் குறித்துக்கொண்டார். மறுநாள் அம்மாவின் சமாதிக் கோயிலை ஒட்டி, மலையடிவாரத்திலேயே அடக்கம் செய்தார்கள்.