களங்கம் துடைத்த கேப்டன் டிரைபஸ்

செய்யாத குற்றத்திற்குத் தண்டனை பெறுதல் கொடிது. செய்யாத குற்றத்திற்கு மன்னிப்புப் பெறுதல் அதனினும் கொடிது. இவ்விரண்டையும் தாங்கி, இறுதியில் மாசற்றவர் என்னும் தீர்ப்பையும் பெற்ற பிரெஞ்சு நாட்டு ஆல்பிரட் டிரைபஸின் வரலாற்றை இங்குக் காண்போம்.

1859-ஆம் ஆண்டு அக்டோபர் 9-ஆம் நாள், அல்சாஸ் பகுதியின் முலூஸ் நகரில், நெசவாலை நடத்திய யூதக் குடும்பத்தில் அவர் பிறந்தார். 1871-இல் அல்சாஸ் ஜெர்மனியின் வசமானது. அதன்பின் அக்குடும்பத்தினர் பிரெஞ்சுக் குடியுரிமையையே விரும்பி ஏற்றனர். நாட்டுப்பற்றுடன் வளர்ந்த டிரைபஸ் பீரங்கிப் படையில் சேர்ந்து கேப்டன் பதவி எய்தினார்.

1894-இல் பாரீசிலிருந்த ஜெர்மானியத் தூதரகத்தின் குப்பைக் கூடையிலிருந்து ஒரு தாள் பிரெஞ்சு ஒற்றர் துறைக்குக் கிடைத்தது. படை இரகசியங்களை விற்க முன்வந்த ஒருவன் எழுதிய பட்டியல் அது. கையெழுத்து ஒத்திருப்பதாகக் கூறி டிரைபஸைக் கைது செய்தனர். வல்லுநர்களிடையே கருத்து வேறுபாடு இருந்தும், அவர் யூதர் என்பதே பலருக்குப் போதிய சான்றாயிற்று. அவர் தரப்புக்குக் காட்டாத இரகசியக் கோப்பு ஒன்று இராணுவ நீதிபதிகளிடம் தரப்பட்டது. வாழ்நாள் முழுதும் நாடு கடத்துமாறு தீர்ப்பாயிற்று. 1895 சனவரி 5-இல் படையினர் முன்னிலையில் அவருடைய பதவிச் சின்னங்கள் பறிக்கப்பட்டன, வாள் முறிக்கப்பட்டது. தாம் குற்றமற்றவர் என்று அப்போதும் அவர் உரக்க முழங்கினார்.

தென் அமெரிக்கக் கரையருகே பிசாசுத் தீவு எனப்படும் சிறு தீவில் நான்காண்டுகளுக்கு மேல் தனிமையில் வாடினார். காவலர் அவருடன் பேசுதற்கும் தடை இருந்தது. 1896-இல் பல வாரங்கள் இரவுதோறும் கட்டிலுடன் விலங்கிடப்பட்டார். தாயகத்தில் மனைவி லூசியும் தமையன் மத்தியூவும் ஓயாது போராடினர்.

அவ்வாண்டிலேயே ஒற்றர் துறைத் தலைவர் பிக்கார், பட்டியலை எழுதியவன் எஸ்டர்ஹாசி என்னும் அதிகாரி எனக் கண்டறிந்தார். பிக்கார் யூதர்மீது அன்புடையவர் அல்லர். ஆயினும் கண்ட உண்மையை மறைக்க அவர் உடன்படவில்லை. அதனால் தொலைநாட்டுப் பணிக்கு அனுப்பப்பட்டார். 1898 சனவரியில் எஸ்டர்ஹாசி விடுவிக்கப்பட்டான். இரண்டு நாளில் எழுத்தாளர் எமிலி சோலா நாளிதழில் பகிரங்கக் கடிதம் எழுதி, தாமும் தண்டனைக்கு உள்ளானார். அவ்வாண்டு ஆகஸ்டில், டிரைபஸுக்கு எதிரான ஆவணம் ஒன்றைத் தாமே புனைந்ததாக ஆன்றி என்னும் அதிகாரி ஒப்புக்கொண்டு, சிறையில் உயிர் மாய்த்துக்கொண்டார்.

1899-இல் ரென் நகரில் மறுவிசாரணை நடந்தது. அங்கும் குற்றவாளி என்றே தீர்ப்பளித்தனர். பத்து நாட்களில் குடியரசுத் தலைவர் மன்னிப்பு வழங்கினார். உடல் நலிந்த டிரைபஸ் அதனை ஏற்றார். ஆனால் பெயரின் களங்கம் நீங்கும்வரை ஓயப்போவதில்லை என அப்போதே அறிவித்தார். மன்னிப்பு சிறைக்கதவைத் திறக்குமேயன்றிக் குற்றத்தை நீக்காது என்பதை அவர் நன்குணர்ந்திருந்தார்.

ஏழாண்டுகள் கழிந்து, 1906 சூலை 12-இல், நாட்டின் உயர்ந்த நீதிமன்றம் அத்தீர்ப்பை முற்றிலும் நீக்கியது. டிரைபஸ் மேஜராக மீண்டும் படையில் சேர்க்கப்பட்டார். முதல் உலகப் போரில், ஐம்பது வயது கடந்தும், தம்மைத் தண்டித்த நாட்டிற்கே பணிபுரிந்தார். 1935-இல் அதே சூலை 12-ஆம் நாள் மறைந்தார். சிறையில் இழந்த காலம் அவருடைய பணி உயர்வுக்குக் கணக்கிடப்படவில்லை. அக்குறையை ஈடுசெய்ய, 2025-இல் பிரான்சு தனிச்சட்டம் இயற்றி அவருக்கு பிரிகேடியர் ஜெனரல் தகுதி அளித்தது.

ஒரு பிழையை ஒப்புக்கொள்ளாமையால் பொய்மேல் பொய் அடுக்கப்பட்டது. அதனை அகற்றப் பன்னிரண்டு ஆண்டுகள் ஆயின. பிறர்மீது சொல்லப்படும் பழியைக் கேட்டவுடன் நம்பாமலும், ஆராயாமல் மற்றவரிடம் எடுத்துரைக்காமலும் இருப்போமாக.