இயற்கையறிஞர் மா. கிருஷ்ணன்

நாட்டுப்பற்று என்பது மக்களையும் மொழியையும் மட்டும் பற்றி நிற்பதன்று. அந்நாட்டின் மரஞ்செடிகளையும் புள்விலங்குகளையும் தழுவி நிற்பதே முழுமையான பற்றாகும். இவ்வுண்மையை எழுத்தாலும் நிழற்படத்தாலும் நிலைநாட்டியவர் மா. கிருஷ்ணன் ஆவர். அன்னாரது வரலாற்றைச் சுருங்கக் கூறப் புகுகின்றோம்.

பத்மாவதி சரித்திரம் என்னும் நாவலை இயற்றிய அ. மாதவையாவின் மக்கள் எண்மருள் கடையவராக, இவர் 1912ஆம் ஆண்டு ஜூன் 30ஆம் நாள் திருநெல்வேலியில் பிறந்தார். 1925இல் தந்தையை இழந்தார். சென்னை மாநிலக் கல்லூரியில் பயின்றபொழுது, தாவரநூற் பேராசிரியர் பைசன் துரையின் தொடர்பால் செடிகொடிகளிடத்து ஆர்வம் முதிர்ந்தது. பின்னர்ச் சட்டமும் கற்றார். ஆயினும் வழக்குமன்றம் அவரை ஈர்க்கவில்லை. 1942 முதல் 1949 வரை சண்டூர் சமஸ்தானத்தில் பணியாற்றினார்.

சென்னைக்கு மீண்டபின் வேறு ஊழியத்தை நாடாது எழுதுகோலையே நம்பி வாழத் துணிந்தார். 1950இல் கல்கத்தாவின் ஸ்டேட்ஸ்மன் இதழில் தொடங்கிய இவரது இயற்கைக் கட்டுரை வரிசை, 1996இல் இவர் மறையுமளவும் நின்றிலது. தமிழிலும் கட்டுரைகள் வரைந்தார். வெவ்வேறு கருவிகளின் உறுப்புக்களைத் தாமே இணைத்து அமைத்த பளுவான காமிராவைச் சுமந்து காடுகளிற் சுற்றினார். கறுப்புவெள்ளைப் படங்களையே விரும்பி எடுத்தார். 1970இல் பத்மஸ்ரீ விருது இவரை வந்தடைந்தது.

செங்கற்பட்டு நாட்டு வேடந்தாங்கலைப் பற்றி வனத்துறைக்காக இவர் ஒரு சிறுநூல் எழுதினார். வடகிழக்குப் பருவமழையில் அவ்வேரி நிரம்பியதும், நத்தைகுத்தி நாரையும் நீர்க்காகமும் வக்காவும் நீரிடை நிற்கும் கடப்ப மரங்களிற் கூடு கட்டும். எச்சம் கலந்த ஏரிநீர் வயலுக்கு உரமாதலை அறிந்த ஊரார், தலைமுறை தலைமுறையாகப் பறவைகளைக் காத்தனர். வேட்டையாட வந்தோரைத் தடுத்தனர். 18ஆம் நூற்றாண்டின் இறுதியிலேயே கலெக்டர் லயனல் பிளேஸ் துரையிடம் அதற்கென உரிமைச்சீட்டும் பெற்றனர். சட்டம் பிறக்குமுன்னே காவல் பிறந்த ஊர் அது.

காட்டைத் திருத்துவதாகக் கருதி அயல்நாட்டு மரங்களைக் கொணர்ந்து நடுதலை இவர் கடுமையாக மறுத்தார். மண்ணுக்குரிய மரம் அகலின் அதனைச் சார்ந்த உயிரும் அகலும். காட்டைக் காட்டின் போக்கில் விடுதலே காப்பு என்பது இவர் கொள்கை. அஃது அக்காலத்துப் பலர்க்கும் உவப்பாயிருந்ததில்லை. இவரோ தம் கருத்தைத் தளர்த்தினாரல்லர்.

மாமல்லபுரத்துப் பெரும்பாறையில், பின்னங்காலால் மூக்கைச் சொறியும் மானொன்று உளது. பன்முறை கண்டாலன்றி ஒரு சிற்பி அதனைச் செதுக்கியிருத்தல் இயலாது. அப்பொறுமையான நோக்கே கிருஷ்ணனிடத்தும் விளங்கியது. சங்கச் செய்யுளில் வரும் நாரைக்கு உரை கூற வல்ல தமிழ் மாணவர், ஏரிக்கரையில் நிற்கும் நாரையை அறியாராயின் அக்கல்வி குறையுடைத்தே. ஏரி தூர்ந்து நாரை அகலுமேல், அப்பாட்டும் பொருளிழந்த ஒலியாய் நிற்கும். வேடந்தாங்கல் நமக்கு நெடுந்தொலைவன்று. கார்த்திகை மார்கழியில் ஒருகால் சென்று, வாளா நின்று நோக்குவோமாக.