கோல்கொண்டாவின் அன்னை

மகனுக்காகத் துடிக்கும் தாயைக் காவியங்களில் கண்டிருக்கிறோம். திரைப்படங்களிலும் கண்டு கண்கலங்கியிருக்கிறோம். ஹைதராபாதின் வரலாற்றிலேயே அத்தகைய அன்னை ஒருவர் வாழ்ந்தார். அவர் பெயர் ஹயாத் பக்ஷி பேகம். மக்கள் அவரை ‘மா சாஹிபா’, அதாவது அன்னையார் என்றே அழைத்தனர்.

1591-இல் ஹைதராபாதை நிறுவிய முகம்மது குலி குதுப் ஷாவுக்கு ஆண் வாரிசு இல்லை. அவருடைய மகளே ஹயாத் பக்ஷி. மன்னர் தம் சகோதரரின் மகனுக்கு அவரை மணமுடித்து வைத்தார். அந்த மருமகனே 1612-இல் அரியணை ஏறினார். இத்தம்பதியரின் மகன் அப்துல்லா.

இளவரசர் அப்துல்லா ஏறிச் சென்ற யானை ஒருநாள் மதம் கொண்டு, அவரைச் சுமந்தபடியே காட்டுக்குள் ஓடிவிட்டது. நெருங்குவார் யாருமில்லை. யானை மீதிருந்தபடியே மகன் எடுத்து உண்ணட்டும் என்று வழியிலுள்ள மரக்கிளைகளில் உணவு மூட்டைகளைக் கட்டித் தொங்கவிடச் செய்தாராம் அன்னை. மகன் உயிரோடு திரும்பினால் அந்த யானையின் சங்கிலி அளவுக்குப் பொன் சங்கிலி செய்து காணிக்கையாக்குவதாகவும் நேர்ந்துகொண்டார். இளவரசர் திரும்பினார். ஹுசைனி ஆலம் என்ற தலத்தில் அப்பொன் சங்கிலி செலுத்தப்பட்டு, ஏழைகளுக்குப் பகிர்ந்தளிக்கப்பட்டது. இது செவிவழிக் கதைதான். ஆயினும் இதன் நினைவாக எழுந்த ‘லங்கர்’ ஊர்வலம் நிஜாம்கள் காலத்திலும் கோலாகலமாக நடைபெற்றது.

1626-இல் கணவர் மறைந்தார். பன்னிரண்டு வயதான அப்துல்லா மன்னரானார். ஆட்சிப் பொறுப்போ அன்னையின் தோள்களில் விழுந்தது.

மகன் வளர்ந்தார். இசையிலும் கவிதையிலும் இருந்த நாட்டம் அவருக்கு அரசுரிமையில் இல்லை. 1656-இல் ஔரங்கசீப்பின் படை கோல்கொண்டாக் கோட்டையை முற்றுகையிட்டது. அப்போது மன்னருக்கு வயது நாற்பதைக் கடந்திருந்தது. எனினும் பகைவரின் பாசறைக்குச் சென்று மகனுக்காக மன்றாடியவர் முதிய அன்னைதான். ஒரு கோடி ரூபாய் அபராதம், அப்துல்லாவின் மகளை ஔரங்கசீப்பின் மகனுக்கு மணமுடிக்க வேண்டும், இவை நிபந்தனைகள். தில்லியிலிருந்து ஷாஜகானின் ஆணையும் வரவே, முற்றுகை விலகியது. மகனின் அரியணை தப்பியது. ஆனால் பேத்தி விலையானாள். காக்கும் கை எப்போதும் முன்னே நீண்டதால்தான் அப்துல்லா கடைசிவரை பிள்ளையாகவே இருந்துவிட்டாரோ என்னவோ!

1667-இல் ஹயாத் பக்ஷி காலமானார். கோட்டைக்கு அருகே, மன்னர்களின் சமாதிகளுக்கு நடுவே, அவற்றுக்கு இணையான குவிமாடத்தின் கீழ் உறங்குகிறார். மகன் மேலும் ஐந்தாண்டுகள் வாழ்ந்தார். அன்னையின் பெயரால் விளங்கிய ‘மா சாஹிபா’ ஏரியின் பெயர் மக்கள் நாவில் மருவி ‘மாசாப் டேங்க்’ ஆயிற்று. ஹைதராபாதின் நெரிசல் மிக்க பகுதிகளுள் ஒன்று இன்றும் அப்பெயரால்தான் வழங்குகிறது.